கழுத்துக்குக் கீழ ரெண்டு ஊரு

ஜோதியக்கா ஃப்ளெக்ஸ் கடைல ஒரே ஒரு ஃபேனு. அதுவும் கம்ப்யூட்டரப் பாத்துத்தான் சுத்தும். மனுசனுக்குக் காத்து வேணும்னா கம்ப்யூட்டருக்குப் பின்னாடி போயி நின்னுக்கணும். அன்னிக்குக் காலைல நானும் எங்கண்ணன் செல்வமும் அப்டித்தான் நின்னுக்கினு இருந்தோம். பிரிண்டு மிஷின்ல இருந்து மை வாசனை குப்புன்னு வந்துக்கினே இருந்துச்சு. 

வூட்டுல எங்கப்பா செத்துப்போயி நாலு மணி நேரம் ஆயிருந்துச்சு.

"இன்னாப்பா, ஒடம்பு எது வெக்கட்டும்?"ன்னு கேட்டுச்சு ஜோதியக்கா.

"பெங்களூரு"ன்னான் எங்கண்ணன்.

"மெட்ராஸ்"ன்னேன் நான்.

வெளியூர்க்காரங்களுக்கு இது புரியாது, சொல்லிடறேன். எங்க பக்கம் கண்ணீர் அஞ்சலி போர்டுல தலை மட்டுந்தான் செத்தவரோடது. கழுத்துக்குக் கீழ வேற ஆளு. ஜோதியக்கா கம்ப்யூட்டர்ல தலையில்லாத ஒடம்புங்க வரிசையா நிக்கும். வெள்ளச் சட்டை, வெள்ள வேட்டிங்க எல்லாம் ஒரு ஃபோல்டரு. அதுக்குப் பேரு மெட்ராஸ். கோட்டு, டை எல்லாம் இன்னொரு ஃபோல்டரு. அதுக்குப் பேரு பெங்களூரு. பேரு வெச்சது அக்காதான். அது ரெண்டு ஊரையும் கண்ணால பாத்ததில்ல.

எங்கண்ணன் கல்யாணத்துல நான் மாப்ள செருப்ப ஒளிச்சு வெச்சதப் போன வாரம் இதே எடத்துல எழுதியிருந்தேன், படிச்சிட்டு நெறைய பேரு சிரிச்சதா சொன்னாங்க. சந்தோசம். இந்த வாரம் சிரிப்பு கொஞ்சம் கம்மியா இருக்கும், பொறுத்துக்கோங்க.

யாருக்காக அந்த போர்டு

எங்கப்பா பேரு கோயிந்தன். மூங்கில்துறைப்பட்டு ஆலைக்குக் கரும்பு வெட்டப் போற கும்பல்ல ஒருத்தரு. கரும்பு வெட்டுறவங்க ரெண்டு ரெண்டு பேரா ஜோடி சேந்துக்குவாங்க. எங்கப்பாவுக்கு ஜோடி, கல்வராயன் மலையிலருந்து எறங்கி வர ஆண்டி மாமா. எங்களுக்கு அவரு சொந்தமும் இல்ல, பந்தமும் இல்ல. கரும்புதான் சொந்தம்.

வெட்டுறது கூட பெருசில்ல. வெட்டுன கட்டத் தோள்ல தூக்கிக்கினு பலகை மேல நடந்து லாரில ஏத்தணும் பாருங்க, அதுதான் ஆளக் கொல்லும். தலைல கட்டியிருக்கற துண்டக் கழட்டி, மடிச்சு, தோள்ல வெச்சு, அது மேல கட்டு. அப்டியே ரெண்டு பேரும் இருவது வருசம் ஏறி எறங்குனாங்க. ஒரு நாளு பலகைல நின்னுக்கினே எங்கப்பா சொன்னாராம், "டேய் ஆண்டி, எவன் முன்னாடி போறானோ அவன் பாடைக்கு அடுத்தவன் தோள் குடுக்கணும்டா. முன்பக்கம். எடது தோளு." ஆண்டி மாமா, "நீதான் முன்னாடி போவ, வாயக் கட்ட மாட்டற"ன்னு சொன்னாராம்.

நொரையீரல் கெட்டுப் படுத்ததுல இருந்து எங்கப்பாவுக்கு இது ஒண்ணுதான் பேச்சு. சாவறதுக்கு மொத நாளு என்னைக் கூப்ட்டு, "சின்னவனே, ஆண்டி வராம என்னைத் தூக்கிடாதீங்கடா"ன்னாரு. "தூக்கற அளவுக்கு நீ எங்க கனமா இருக்கறப்பா? கைல எடுத்துக்கினு போயிடலாம்"னேன் நான். சிரிச்சாரு. சிரிச்சதுல இருமல் வந்துடுச்சு.

விடியக்கால போயிட்டாரு. ஆண்டி மாமாகிட்ட ஃபோனு இல்ல. வெள்ளிமலை பக்கத்துல அவரு ஊரு. அங்க ஒரு மளிகைக் கடைக்கு ஃபோன் போட்டோம். கடைக்காரம்மா எடுத்துச்சு. "அவரு மொத பஸ்லயே சாமை மூட்டையத் தூக்கிக்கினு உங்க கள்ளக்குறிச்சிக்குத்தாங்க வந்தாரு"ன்னுச்சு.

மனுசன் ஊருக்குள்ளயே இருக்காரு! எங்கத்தை மவன் சந்தையெல்லாம் தேடுனான். சாமைய வித்துட்டு எங்கயோ போயிட்டாருன்னு சொல்லிட்டாங்க. எப்டியும் மலைக்குத் திரும்பணும்னா ஏரிக்கரை ஸ்டாப்லதான் பஸ் ஏறணும். எங்க வூட்டுல இருந்து கூப்புடு தூரம். அங்க போர்டு வெச்சிட்டா பாத்துடுவாரு, ஓடியாந்துடுவாரு. இதான் கணக்கு.

இன்னொண்ணு, ஆண்டி மாமாவுக்குப் படிக்கத் தெரியாது. படத்தப் பாத்துத்தான் தெரிஞ்சிக்கணும்.

இவ்ளோ தெரிஞ்சும் நாங்க ரெண்டு பேரும் ஜோதியக்கா கடைல நின்னுக்கினு மெட்ராஸா பெங்களூரான்னு சண்ட போட்டோம். அது ஒரு நாள்ல வந்த சண்ட இல்ல.

மெட்ராஸ்: வேர்வை தெச்ச சட்டை

எட்டாவதோட பள்ளிக்கூடம் என்னை வுட்டுடுச்சு. நான் பள்ளிக்கூடத்த வுட்டேன்னு எங்கம்மா சொல்லும், நம்பாதீங்க. உளுந்தூர்பேட்டைல பஸ் மாறி மெட்ராஸ் போயி, தி.நகர்ல ஒரு பெரிய துணிக்கடைல சேந்தேன். மூணாவது மாடி, பொடவை செக்சன். மூணு வருசம் நின்னேன். நின்னேன்னா நெசமாவே நின்னேன். குந்தக் கூடாது அங்க.

மெட்ராஸ்காரங்க துணி எடுக்க ஒத்தையா வர மாட்டாங்க. ஒரு பொடவைக்கு ஒம்போது பேரு வருவாங்க. அதுல கட்டிக்கப் போற பொண்ணு வாயே தெறக்காது. பெரியம்மா தொட்டுப் பாக்கும், சித்தி கசக்கிப் பாக்கும், அத்தை மோந்து பாக்கும். "சாயம் போவுமா?"ன்னு கேப்பாங்க. "உங்க மனசு போனாலும் இது போவாதுங்கம்மா"ன்னு நான் சொல்லுவேன். சூப்பர்வைசர் மொறைப்பாரு. பொடவை வித்துடும்.

மெட்ராஸ்ல ஸ்டைல முடிவு பண்றது வேர்வைதான். காலருக்குள்ள கர்ச்சீப்பு. கைய மடிச்சு வுட்ட சட்டை. எந்தக் கட்சியிலயும் இல்லாதவன் கூட கட்சிக்காரன் மாதிரி வெள்ளையும் சொள்ளையுமா திரிவான். அம்பது வயசு அம்மா காலைல கீரை வாங்கப் போவும்போது தலைல முழம் மல்லிப்பூ இருக்கும். கலரு ஜாஸ்தி, சத்தம் ஜாஸ்தி. ரோட்டுல மோதிக்கினா "கண்ணு இன்னா பொடனிலயா கீது?"ன்னு திட்டுவான், திட்டி முடிச்சதும் அவனே வழி சொல்லுவான்.

லீவுல ஊருக்கு வந்தா நானும் வெள்ளச் சட்டைதான். கூலிங் கிளாஸ தலை மேல ஏத்திக்கினு எறங்குவேன். எங்கப்பா பாத்துட்டு, "எந்த வட்டத்துக்குடா நீ செயலாளரு?"ன்னு கேப்பாரு. என் வாயி எங்கேருந்து வந்துச்சுன்னு இப்ப தெரியுதா?

பெங்களூரு: நாய்க்கு ஸ்வெட்டரு

எங்கண்ணன் பெங்களூருல ஒரு மால்ல ரெடிமேட் கடைல வேலை பாக்கறான். "மெட்ராஸ் எல்லாம் ஒரு ஊராடா, வந்து பாரு"ன்னு என்னையும் இழுத்துக்கினு போனான். பத்து மாசம் அங்க துணி மடிச்சேன்.

அங்க ஜனங்க ஒத்தையாத்தான் வருவாங்க. காதுல ஒரு குச்சி இருக்கும். எட்டு துணி எடுத்துக்கினு டிரையல் ரூம்புக்குள்ள போவாங்க, எட்டையும் போட்டு ஃபோட்டோ எடுப்பாங்க, வெளில வந்து "சாரி"ன்னு சொல்லிட்டு ஒண்ணும் வாங்காம போயிடுவாங்க. அந்த எட்டையும் நான் மறுபடி மடிக்கணும். திட்டவே மாட்டாங்க. அதுதான் எனக்குத் தாங்கல. ஒருத்தனாவது திட்டுனா ஊரு நெனப்பு வரும்.

அங்க ஸ்டைலு குளுர வெச்சு. குளுரு இல்லன்னாலும் ஜாக்கெட்டு போடுவான். பொடவை கட்டிக்கினு, கால்ல ஷூவு போட்டுக்கினு பார்க்குல வேகமா நடக்கறாங்க அம்மாங்க. மொழங்கால் கிழிஞ்ச பேண்ட்டுக்கு முழு பேண்ட்ட வுட வெலை ஜாஸ்தி. "ஏண்ணா, எங்கப்பா வேட்டி ஒண்ணு இதே மாதிரி இருக்குது, கொண்டாந்து தொங்க வுடலாமா?"ன்னு கேட்டேன். எங்கண்ணன் ஒரு வாரம் பேசல.

ஒரு நாளு ஒரு நாயப் பாத்தேன். ஊதா கலர்ல ஸ்வெட்டரு, கழுத்துல ரிப்பன் முடிச்சு. ஆண்டி மாமா நெனப்பு வந்துடுச்சு எனக்கு. மார்கழில மலைல பனி கொட்டறப்ப அவரு ஒரு கோணிய மடிச்சுத் தலைல போட்டுக்கினு அங்கயும் இங்கயும் நடப்பாரு. அவருக்கு ஸ்வெட்டருன்னு ஒண்ணு இருக்கறதே தெரியுமான்னு தெரியல.

ரெண்டு ஊருக்கும் ஒத்துப் போற விசயம் ஒண்ணே ஒண்ணுதான். "எந்த ஊரு?"ன்னு கேப்பாங்க. கள்ளக்குறிச்சின்னு சொன்னா, அந்த சாராயச் சாவுக்கப்புறம், ஒரு நிமிசம் மூஞ்சியப் பாப்பாங்க. மெட்ராஸ்காரன், "நீ அதெல்லாம் குடிப்பியா?"ன்னு வாயத் தொறந்து கேட்டுடுவான். பெங்களூருக்காரன் கேக்க மாட்டான். ஃபோன எடுத்து எங்க ஊரத் தேடிப் பாப்பான். அதுக்கப்புறம் எங்கண்ணன் ஊரு பேரையே மாத்திட்டான். "சேலம் பக்கம்"னு சொல்ல ஆரம்பிச்சிட்டான். நான் "விழுப்புரம் பக்கம்"னேன். நடுவுல இருந்த ஊரு காணாம போயிடுச்சு.

இந்த ரெண்டு ஊரு சண்டைக்கும் நாட்டாமை எங்கப்பாதான். ஃபோன்ல ஸ்பீக்கரப் போட்டுக்கினு கேப்பாரு. அவருக்கு ஒரே ஒரு கேள்விதான். "அங்க ஆம்பளைங்க தலைல துண்டு கட்டுவாங்களாடா?"

"கட்ட மாட்டாங்கப்பா, தொப்பி போடுவாங்க"ன்னான் அண்ணன்.

"மெட்ராஸ்ல?"

"கோயம்பேட்டுல மூட்ட தூக்கறவங்கல்லாம் கட்டுவாங்கப்பா"ன்னேன்.

"அப்ப நான் மெட்ராஸ் கட்சி"ன்னாரு. ஒரு மாசம் அத சொல்லிச் சொல்லியே எங்கண்ணன வெறுப்பேத்துனேன்.

ஜோதியக்கா சொன்னது

மறுபடி கடைக்கு வரேன். எங்கப்பா ஃபோட்டோன்னு எங்ககிட்ட இருந்தது ஒண்ணே ஒண்ணு. என் ஃபோன்ல எடுத்தது. கரும்புக் காட்டுல நிக்கறாரு. தலைல அந்தச் சேப்புத் துண்டு. கன்னத்துல தோகை கிழிச்ச கோடுங்க. நாலு நாள் தாடி. மேல ரெண்டு பல்லு இல்லாத சிரிப்பு.

ஜோதியக்கா பாத்துட்டு, "இதையே போட்டுடலாம்பா. ஆளு நல்லா தெரியுது"ன்னுச்சு.

"இதையா? என் ஃப்ரெண்டுங்கல்லாம் ஸ்டேட்டஸ்ல பாப்பாங்கக்கா. கூலிக்காரன் மாதிரி இருக்குது"ன்னான் அண்ணன்.

"கூலிக்காரர்தானேப்பா?"

அண்ணன் தலையக் குனிஞ்சிக்கினான். அப்ப நானாவது அக்கா பக்கம் பேசியிருக்கலாம். பேசல. என் ஃபோன்லயும் தி.நகர் ஆளுங்க இருக்காங்க இல்ல? "துண்ட எடுத்துடுங்கக்கா. வெள்ளச் சட்டை வெச்சா கெத்தா இருக்கும்"னேன்.

"கோட்டு!"

"வெள்ளச் சட்டை!"

"செத்த வூட்டுல இன்னாடா சண்ட? ரெண்டையும் வெச்சுத் தொலைக்கறேன்"னு அக்கா மவுஸ அடிச்சுச்சு. இடுப்புக்கு மேல பெங்களூரு கோட்டு. இடுப்புக்குக் கீழ மெட்ராஸ் வேட்டி. தலைல துண்டு இருந்த எடத்துல யாரோ ஒருத்தன் முடிய எடுத்து ஒட்டுச்சு, கருகருன்னு, சைடு வகிடு எடுத்து. தாடி போச்சு. கோடு போச்சு. பல்லு வந்துச்சு. கலரு ரெண்டு டிகிரி ஏறுச்சு.

எங்கண்ணன், "அப்பா ஹீரோ மாதிரி இருக்காரு"ன்னு அழுதான். நானும் அழுதேன். நெசமாவே அழகா இருந்தாரு. யாரு மாதிரியோ அழகா இருந்தாரு.

ஏரிக்கரை ஸ்டாப்பு

பதினோரு மணிக்கெல்லாம் ஸ்டாப்ல போர்டக் கட்டிட்டோம். மரச்சட்டம் அடிச்சு, பத்தடி உசரத்துல. கட்டிட்டு நான் அங்கயே நின்னிருக்கணும். இத எத்தினி வாட்டி நெனச்சிருக்கேன்னு எனக்கே தெரியாது. ஆனா பெத்த புள்ளைங்க வூட்டுல இருக்கணும்னு கூப்ட்டுட்டாங்க. போர்டுதான் இருக்குதே, அவ்ளோ பெருசான்னு நானும் வந்துட்டேன்.

மேளக்காரங்க அடிச்சு ஓஞ்சிட்டாங்க. எங்கம்மா ரெண்டு வாட்டி தெருமொனைக்குப் போயிப் பாத்துச்சு. வெயிலு. அப்பா நெத்தி ஒத்த ரூவா வழுக்கி வழுக்கி வுழுந்துக்கினே இருந்துச்சு, நான் எடுத்து எடுத்து வெச்சேன்.

"இருட்டறதுக்குள்ள எடுத்துடணும்பா"ன்னு ஊர்ப் பெரியவங்க சொன்னாங்க.

"இன்னும் கொஞ்ச நேரம்"னு சொன்னேன். நாலு மணி. அஞ்சு மணி. மலை பஸ்ஸு ஹாரன் சத்தம் கேட்டுச்சு. போயிடுச்சு.

எடது தோளுக்கு எங்கத்தை மவன் நின்னான்.

நெழலு

மறுநாள் காலைல பால் தெளிக்க பானைய எடுத்துக்கினு கெளம்பறோம், தெருமொனைல ஆண்டி மாமா வராரு. வேட்டிய மடிச்சுக் கட்டிக்கினு, தலைல துண்டு, ஓட்டமும் நடையுமா. கைல ஒரு மஞ்சப் பை. வாசல்ல வந்து நின்னாரு. பந்தலப் பாத்தாரு. வெறும் பெஞ்சப் பாத்தாரு.

"எங்கடா வெச்சிருக்கீங்க?"

என் கைல இருந்த பால் பானையப் பாத்தாரு. அவரே புரிஞ்சிக்கினாரு. அப்டியே குந்திட்டாரு.

"ராத்திரி ஊருக்குப் போயி எறங்குனதும்தான் அந்தக் கடைக்காரம்மா சொல்லுச்சு. அதுக்கு மேல ஏது பஸ்ஸு?"

எங்கம்மா அழுதுக்கினே கேட்டுச்சு. "நேத்து முழுக்க உன்னைத்தானே பாத்துக்கினு இருந்தோம்ண்ணா. ஏரிக்கரை ஸ்டாப்ல அம்மாம்பெரிய போர்டு வெச்சிருந்துச்சே, பாக்கலியா நீ?"

"எந்த போர்டு?"

"நீ பஸ் ஏறுற எடத்துலதான்."

ஆண்டி மாமா ஏரிக்கரைப் பக்கம் திரும்பிப் பாத்தாரு. "அந்தக் கோட்டுக்காரரு போர்டா?"

எங்கண்ணன் செவுத்துப் பக்கம் திரும்பிக்கினான்.

"அது கீழதானேம்மா ரெண்டு மணி நேரம் குந்திக்கினு இருந்தேன். நல்ல நெழலு. எவரோ பெரிய மனுசன் போயிட்டாரு போலன்னு ஒரு கும்புடு கூடப் போட்டேன்." பையத் தொட்டுக்கினாரு. "சாமை வித்ததும் இவனை ஒரு எட்டு வந்து பாக்கலாம்னுதான் இருந்தேன். கஞ்சிக்குன்னு கொஞ்சம் நொய்யி எடுத்து வெச்சிருந்தேன். பஸ்ஸு இதோ வருது, அதோ வருதுன்னாங்க, வுட்டா போயிடும், அடுத்த வாரம் குடுத்துக்கலாம்னு குந்திட்டேன்."

 எங்கம்மா அந்தப் பைய வாங்கி மடில வெச்சிக்கினு அழுவறத நிறுத்திடுச்சு. அது அழுதாலாவது பரவாயில்ல.

எடது தோளு

"அந்த போர்டாண்ட கூட்டிக்கினு போ"ன்னாரு.

நான், அண்ணன், அவரு, மூணு பேரும் போனோம். போர்டுக்குக் கீழ பஸ்ஸுக்காக நாலஞ்சு பேரு குந்திக்கினு வேர்க்கல்ல தின்னுக்கினு இருந்தாங்க. ஆண்டி மாமா அண்ணாந்து பாத்தாரு. கிட்ட போயிப் பாத்தாரு. தள்ளி நின்னு பாத்தாரு.

"இது அவன் இல்லியேடா."

"அவருதான் மாமா."

"துண்டு எங்கடா? துண்டில்லாத தலைய நானே பாத்ததில்லடா. இவன் எனக்கெப்டிடா தெரிவான்?"

நானும் அண்ணனும் கயித்த அவுத்து போர்டக் கீழ எறக்கிச் செவுத்துல சாச்சோம். இப்ப அப்பா மூஞ்சி மாமா மூஞ்சிக்கு நேரா இருந்துச்சு. அவரு தன் தலைத் துண்ட அவுத்தாரு. ரெண்டு கையாலயும் இழுத்துப் புடிச்சு, படத்துல நெத்திக்கு மேல, அந்த ஒட்டு முடிய மறைச்சு வெச்சாரு.

கண்ணு ரெண்டும் எங்கப்பா கண்ணு.

வேர்க்கல்ல தின்னுக்கினு இருந்த ஒரு அம்மா எழுந்து நின்னுடுச்சு. "அடப்பாவி, நம்ம கரும்புக் கோயிந்தனா இது? நேத்துல இருந்து பாத்துக்கினு இருக்கேனே!"

ஆண்டி மாமா கொஞ்ச நேரம் அப்டியே புடிச்சிக்கினு நின்னாரு. "கோயிந்தா, இன்னாடா கோலம் இது"ன்னாரு, மொள்ள. அப்புறம் துண்ட மடிச்சாரு. நாலா மடிச்சு எடது தோள்ல வெச்சாரு.

"தூக்குங்கடா."

"எங்க மாமா?"

"அவன எங்க வெச்சீங்களோ, அங்க."

அவரு முன்பக்கம் எடதுல. நான் வலதுல. பின்னாடி எங்கண்ணன், பெங்களூரு ஜாக்கெட்டோட. அந்த அம்மா கல்லப் பொட்டலத்த இடுப்புல சொருகிக்கினு நாலாவது மூலையப் புடிச்சுச்சு. மேளம் இல்ல, பூ இல்ல. ஏரிக்கரை மேல நடந்தோம். காத்துல ஃப்ளெக்ஸு படபடன்னு அடிச்சிக்கினே வந்துச்சு.

பாதி வழில ஆண்டி மாமா திரும்பாமயே சொன்னாரு.

"இன்னாடா இவன். ஒரு கட்டு கரும்பு கனம் கூட இல்லியேடா."